சுதந்திராக் கட்சி: மும்பைத் தமிழர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

தமிழ்நாட்டில் அது ராஜாஜி கட்சி. மும்பையில் மசானி கட்சி. ஒடிசாவிலும் ராஜஸ்தானிலும் ராஜாக்கள் கட்சி. தொழிலிலும் விவசாயத்திலும் அரசுக் கட்டுப்பாட்டை எதிர்த்து, 1959 முதல் 1974 வரை பதினைந்து ஆண்டுகளே இயங்கிய சுதந்திராக் கட்சியை ஊருக்கு ஊர் வேறு மாதிரிதான் நினைவில் வைத்திருக்கிறார்கள். மாட்டுங்கா, செம்பூர், தாராவி என்று தமிழர்கள் கூடி அரசியல் பேசும் இடங்களில் அந்தக் கட்சியைப் பற்றித் திரும்பத் திரும்ப எழும் கேள்விகளுக்கு இங்கே பதில் தருகிறோம். அதே கொள்கையோடு இன்று மும்பையில் ஒரு கட்சி தொடங்க நினைப்பவர்களுக்கான விவரங்கள் பிற்பகுதியில் உள்ளன.

கட்சி தொடங்க உடனடிக் காரணம் என்ன?

நிலம். 1959 ஜனவரியில் நாகபுரியில் கூடிய காங்கிரஸ் மாநாடு கூட்டுறவுப் பண்ணைத் தீர்மானத்தை நிறைவேற்றியது. பட்டா அவரவர் பெயரிலேயே இருக்கும், ஆனால் நிலங்களை ஒன்றாகச் சேர்த்து எல்லோரும் கூட்டாகப் பயிரிட வேண்டும், விளைச்சலில் நிலத்துக்கு ஏற்ற பங்கு கிடைக்கும் என்பது திட்டம். எதை விதைப்பது, எப்போது விற்பது என்ற முடிவு தன் கையை விட்டுப் போனபின் பட்டா மட்டும் எதற்கு என்று விவசாயி கேட்டார். அந்தக் கேள்வியை எடுத்துக்கொண்டு காங்கிரஸிலிருந்து வெளியே வந்தவர் ஆந்திர விவசாயிகள் தலைவர் என்.ஜி. ரங்கா.

1959 ஜூன் 4-ல் சென்னையில் கட்சி அறிவிக்கப்பட்டது. அப்போது ராஜாஜிக்கு வயது 80. கவர்னர் ஜெனரல், முதலமைச்சர், பாரத ரத்னா எல்லாம் பார்த்து முடித்தவர். ஆகஸ்ட் 1, 2 தேதிகளில் பம்பாயில் கூடிய மாநாட்டில் 21 அடிப்படைக் கொள்கைகளோடு கட்சிக்கு உருவம் கிடைத்தது. ரங்கா தலைவர், மினூ மசானி பொதுச் செயலாளர். ராஜாஜி பதவி எதையும் ஏற்கவில்லை.

மாநாட்டைப் பம்பாயில் நடத்தியது ஏன்?

யோசிக்கிறவர்களும் பணமும் அங்கே இருந்ததால். ஏ.டி. ஷ்ராஃப் 1956-லேயே ஃபோரம் ஆஃப் ஃப்ரீ என்டர்பிரைஸ் என்ற அமைப்பைப் பம்பாயில் தொடங்கிவிட்டார். 1944-ல் தொழிலதிபர்கள் சேர்ந்து எழுதிய பம்பாய்த் திட்டத்தில் கையெழுத்திட்டவர்களில் அவரும் ஒருவர். பொருளாதாரத்தில் அரசு பெரும்பங்கு எடுக்கட்டும் என்று சொன்ன திட்டம் அது. மசானியின் ஃப்ரீடம் ஃபர்ஸ்ட் இதழ் 1952 முதல் வந்துகொண்டிருந்தது. அவர் 1934-ல் காங்கிரஸ் சோஷலிஸ்ட் கட்சியைத் தொடங்கியவர்களில் ஒருவர், 1943-ல் பம்பாய் மேயர். ஸ்டாலின் ஆட்சியில் நடந்தவற்றைப் பார்த்து சோஷலிசத்தை விட்டு விலகினார். இந்த இருவருமே எதிர்த் தரப்பை உள்ளிருந்து பார்த்துவிட்டு வந்தவர்கள். கட்சியின் வாதங்களில் இருந்த கூர்மைக்கு இது முக்கியக் காரணம் என்று நினைக்கிறோம்.

'பெர்மிட்-லைசென்ஸ்-கோட்டா ராஜ்' என்றால் நடைமுறையில் என்ன?

ராஜாஜி பரப்பிய சொல் இது. அதை வெறும் வசையாக எடுத்துக்கொண்டால் கட்சியின் கொள்கையே பிடிபடாது. அந்தக் காலத்தில் பம்பாயில் ஒருவர் நடுத்தர அளவில் ஒரு தொழிற்சாலை தொடங்க வேண்டுமென்றால் என்ன செய்ய வேண்டியிருந்தது என்று பார்க்கலாம்.

முதலில் 1951-ம் ஆண்டுத் தொழில்கள் (வளர்ச்சி, ஒழுங்குமுறை) சட்டப்படி லைசென்ஸ். டெல்லியில் மனுப் போட வேண்டும். தொழில்நுட்ப அதிகாரிகள் பரிசீலிப்பார்கள், பிறகு அது லைசென்ஸ் கமிட்டிக்குப் போகும். இயந்திரம் வெளிநாட்டிலிருந்து வர வேண்டுமானால் அதற்கு ஒரு தனி அனுமதி, இறக்குமதிக் கட்டுப்பாட்டு அலுவலகத்தில் இன்னொரு லைசென்ஸ். பங்கு விற்று மூலதனம் திரட்ட மூலதன வெளியீட்டுக் கட்டுப்பாட்டாளரின் அனுமதி. இரும்பும் சிமெண்டும் கோட்டாவில்தான் கிடைக்கும். எல்லாம் முடிந்து உற்பத்தி தொடங்கிய பிறகும், லைசென்ஸில் எழுதிய அளவைத் தாண்டி உற்பத்தி செய்வது குற்றம். புதிதாக ஒரு பொருளைச் செய்ய நினைத்தால் மறுபடி முதல் படியிலிருந்து தொடங்க வேண்டும்.

இந்தப் படிகளில் எங்கே நின்றாலும் வட்டி ஏறிக்கொண்டே போகும். டெல்லியில் ஆள் வைத்துக் கோப்பைத் துரத்த வசதி உள்ளவர் தாக்குப்பிடித்தார், மற்றவர் பாதியிலேயே கைவிட்டார். அனுமதி கொடுக்கும் அதிகாரம் ஒரு மேஜையில் குவிந்தால் அந்த மேஜைக்கு விலை வந்துவிடும். ராஜாஜி சொன்னது அடிப்படையில் இவ்வளவுதான். அனுபவத்திலிருந்தே சொன்னார். 1952-ல் சென்னை முதலமைச்சரானவுடன் உணவு தானியக் கட்டுப்பாட்டை நீக்கினார். பஞ்சம் வரும் என்று பயமுறுத்தினார்கள், வரவில்லை.

அப்படியானால் அது பெருமுதலாளிகளின் கட்சிதானே?

அதிகம் கேட்கப்படும் கேள்வி இது, அதிகம் தவறாகப் பதில் சொல்லப்படுவதும் இதற்குத்தான்.

லைசென்ஸ் முறையால் அதிகம் லாபம் அடைந்தவர்கள் பெரிய தொழில் குடும்பங்கள்தான். பம்பாய்ப் பல்கலைக்கழகப் பொருளாதார அறிஞர் ஆர்.கே. ஹஜாரி 1960-களின் பிற்பகுதியில் அரசுக்குக் கொடுத்த அறிக்கையில், பிர்லா குழுமம் ஒரே பொருளுக்குப் பல பெயர்களில் மனுப் போட்டு லைசென்ஸ்களை முன்கூட்டியே வளைத்துக்கொண்டதைக் காட்டினார். லைசென்ஸ் கையில் இருந்தால் போதும், தொழிற்சாலை கட்டாவிட்டாலும் போட்டியாளர் உள்ளே வர முடியாது. இப்படிப் பாதுகாப்பு கிடைத்தவர்கள் அதை ஒழிக்கச் சொல்லும் கட்சிக்கு எதற்குப் பணம் கொடுப்பார்கள்? கட்சிக்கு நிதி தர வேண்டாம் என்று சக வணிகர்களிடம் ஜி.டி. பிர்லாவே சொன்னார்.

டாட்டா விதிவிலக்கு. காங்கிரஸுக்குக் கொடுப்பதோடு சுதந்திராவுக்கும் கொடுக்கப் போகிறோம் என்று ஜே.ஆர்.டி. டாட்டா 1961-ல் நேருவுக்கே கடிதம் எழுதித் தெரிவித்தார். கொடுப்பது உங்கள் விருப்பம், ஆனால் அந்தக் கட்சி வலுவான எதிர்க்கட்சியாக வளரும் என்ற உங்கள் நம்பிக்கை பலிக்காது என்ற பொருளில் நேரு பதில் எழுதினார். ஒளிவுமறைவு இல்லாத அந்தக் கடிதப் போக்குவரத்தை இன்றைய கட்சி நிதி விவகாரங்களோடு வைத்துப் பார்த்தால் ஏக்கமாகத்தான் இருக்கிறது.

சாதாரணக் குடும்பத்தைப் பாதித்த கட்டுப்பாடு ஏதாவது சொல்ல முடியுமா?

தங்கம். சீனப் போருக்குப் பின் 1963 ஜனவரியில், நிதியமைச்சர் மொரார்ஜி தேசாய் காலத்தில், தங்கக் கட்டுப்பாட்டு விதிகள் வந்தன. 14 காரட்டுக்கு மேல் புது நகை செய்யக் கூடாது. 22 காரட்டில் தாலி செய்து பழகிய வீடுகளுக்கு அது தங்கமாகவே படவில்லை. ஜவேரி பஜாரிலும் நம் ஊர்ப் பத்தர் தெருக்களிலும் வேலை நின்றது, பொற்கொல்லர்கள் நடுத்தெருவுக்கு வந்தார்கள். 14 காரட் விதி 1966-ல் போனது, ஆனால் 1968-ல் முழுச் சட்டமே வந்து 1990 வரை நீடித்தது.

ஆசை குறையவில்லை, தங்கம் கடல் வழியாக வந்தது. ராமநாதபுரம் மாவட்டத்திலிருந்து வந்த ஹாஜி மஸ்தான் பம்பாய்த் துறைமுகத்தில் எப்படிப் பெரிய புள்ளியானார் என்பது இந்த நகரத் தமிழர்களுக்குத் தெரிந்த கதை. அவர் போன்றவர்களின் வியாபாரத்துக்கு முதல் போட்டது இந்தச் சட்டம்.

சுதந்திரச் சந்தை பேசிய ராஜாஜி மதுவிலக்கை ஏன் விடாப்பிடியாக ஆதரித்தார்?

இது முரண்பாடு. அதை மழுப்ப வேண்டியதில்லை. 1937-ல் சேலத்தில் மதுவிலக்கைக் கொண்டுவந்தவர் ராஜாஜி. அந்த வருமான இழப்பை ஈடுகட்ட 1939-ல் விற்பனை வரியைக் கொண்டுவந்தவரும் அவரே. 1971-ல் தமிழ்நாடு மதுவிலக்கைத் தளர்த்தியபோது தள்ளாத வயதிலும் எதிர்த்தார். அவரைப் பொறுத்தவரை சந்தைச் சுதந்திரம் தர்மத்துக்கு உட்பட்டது. செல்வத்தைச் சமூகத்துக்காகப் பொறுப்பேற்றுப் பேணுபவராகவே செல்வந்தர் நடக்க வேண்டும் என்ற காந்தியின் தர்மகர்த்தா முறை கட்சியின் கொள்கையிலேயே இருந்தது. ஆனால் தங்கத்துக்குச் சொன்ன அதே நியாயம் சாராயத்துக்கும் பொருந்தும். 1949-ம் ஆண்டு பம்பாய் மதுவிலக்குச் சட்டத்தின் நிழலில்தான் கள்ளச்சாராயம் தாராவியிலும் ஆன்டாப் ஹில்லிலும் தனி ராஜ்ஜியமாக வளர்ந்தது. இதில் ராஜாஜி எடுத்த நிலை தவறு என்பதே எங்கள் கருத்து.

இப்படிப்பட்ட கருத்து வேற்றுமைகளோடு கட்சி எப்படி நடந்தது?

21-வது கொள்கையால். அடிப்படைக் கொள்கைகளுக்குள் வராத எல்லா விஷயங்களிலும் உறுப்பினர் தன் விருப்பப்படி பேசலாம், வாக்களிக்கலாம் என்றது அது. மொழிப் பிரச்சினையே நல்ல எடுத்துக்காட்டு. இந்தியை ஆட்சிமொழியாக்கிய அரசியல் சட்டப் பிரிவுகள் கே.எம். முன்ஷி, கோபாலசாமி அய்யங்கார் பெயரால்தான் அறியப்படுகின்றன. அந்த முன்ஷியும், 1950-களின் பிற்பகுதியில் இந்தித் திணிப்பைக் கடுமையாக எதிர்த்த ராஜாஜியும் ஒரே கட்சியின் தலைவர்கள். கொறடாவுக்குப் பயந்து கைதூக்கும் இன்றைய சட்டமன்றங்களோடு ஒப்பிட்டால் இது எவ்வளவு பெரிய துணிச்சல் என்று புரியும். பலவீனமும் அதில்தான் இருந்தது: ஆளுக்கொரு குரலில் பேசும் கட்சியை வாக்காளருக்கு ஒரே வரியில் அறிமுகப்படுத்த முடியவில்லை.

தேர்தலில் எவ்வளவு தூரம் வந்தது?

நட்சத்திரச் சின்னத்தில் 1962-ல் மக்களவையில் 18 இடம், சுமார் 7.9 சதவீத வாக்கு. ஜெய்ப்பூரில் காயத்ரி தேவி பதிவான 2,46,516 வாக்குகளில் 1,92,909 பெற்றது அந்தத் தேர்தலில்தான். 1967-ல் 44 இடம், 8.7 சதவீதம், மக்களவையின் மிகப் பெரிய எதிர்க்கட்சி. ஜனசங்கம் அப்போது 9 சதவீதத்துக்கு மேல் வாங்கியும் 35 இடம்தான் பெற்றது. சுதந்திராவின் வாக்கு ஒடிசா, ராஜஸ்தான், குஜராத் என்று சில மாநிலங்களில் குவிந்திருந்ததே இந்த வித்தியாசத்துக்குக் காரணம். ஒடிசாவில் ஆர்.என். சிங் தேவ் முதலமைச்சரானார். குஜராத்தில் 168-க்கு 66 இடம்.

மூளையாக இருந்த பம்பாய் மட்டும் வாக்குக் கொடுக்கவில்லை. 1962, 1967 இரண்டு தேர்தல்களிலும் மகாராஷ்டிரச் சட்டமன்றத்தில் கட்சிக்கு ஓர் இடம்கூட இல்லை. கோட்டைப் பகுதி மண்டபங்களில் ஆங்கிலத்தில் நடந்த கூட்டங்கள் கிர்காவ் சால் என்ற ஒற்றை அறை வரிசை வீடுகளுக்கும் தாராவிக் குடிசைக்கும் வந்து சேரவே இல்லை. பெர்மிட் தொல்லையை அதிகம் அனுபவித்தவர்கள் தள்ளுவண்டிக்காரரும் சிறு பட்டறைக்காரரும்தான். அவர்களிடம் மராத்தியிலும் தமிழிலும் போய்ப் பேச ஆள் இல்லை.

தி.மு.க.வோடு கூட்டு எப்படிச் சாத்தியமானது?

கொள்கையில் ஒட்டுறவு குறைவு. காங்கிரஸை வீழ்த்த வேண்டும், இந்தியைத் தடுக்க வேண்டும் என்ற இரண்டு நோக்கங்களும் போதுமானதாக இருந்தன. 1967-ல் அந்தக் கூட்டணியில் சுதந்திராவுக்குத் தமிழ்நாட்டில் 20 சட்டமன்ற இடங்களும் 6 மக்களவை இடங்களும் கிடைத்தன. தி.மு.க. தனியாகவே பெரும்பான்மை பெற்றதால் ராஜாஜியின் ஆதரவு இல்லாமலே ஆட்சி நடந்தது. 1971-ல் ராஜாஜி தன் நெடுநாள் எதிராளியான காமராஜரோடு கைகோத்தார். தி.மு.க. 184 இடங்களை வென்றது.

ஏன் சரிந்தது?

பணம், ஆள், முழக்கம் மூன்றும் ஒரே நேரத்தில் போயின. 1969-ல் இந்திரா அரசு, நிறுவனங்கள் கட்சிகளுக்கு நன்கொடை தருவதையே தடை செய்தது. மறுபடி அனுமதி வந்தது 1985-ல்தான். காங்கிரஸுக்கு ஆட்சி இருந்தது, மற்ற வழிகள் இருந்தன. சுதந்திராவுக்கு வேறு வழி இல்லை. கிளை அமைப்பு இல்லாமல் ராஜாக்களின் செல்வாக்கை நம்பியிருந்ததால், அவர்கள் விலகிய இடத்தில் கட்சியே இல்லாமல் போனது. 1971-ல் இந்திராவிடமிருந்து பிரிந்த ஸ்தாபன காங்கிரஸ், ஜனசங்கம், சம்யுக்த சோஷலிஸ்ட் ஆகியவற்றோடு சேர்ந்து இந்திராவை அகற்றுவோம் என்றார்கள். அவர் வறுமையை அகற்றுவோம் என்றார். மிஞ்சியது 8 இடம், 3 சதவீத வாக்கு.

நீதிமன்றத்தில் மட்டும் கட்சிக்காரர்கள் வென்றார்கள். 1969 ஜூலை 19-ல் 14 வங்கிகள் நாட்டுடைமையானதை எதிர்த்து வழக்குப் போட்ட ஆர்.சி. கூப்பர் சுதந்திராக் கட்சிக்காரர், வாதாடியவர் நானி பால்கிவாலா. 1970 பிப்ரவரி 10-ல் உச்ச நீதிமன்றம் சட்டத்தைச் செல்லாது என்றது. நான்கே நாளில் புது அவசரச் சட்டம் வந்துவிட்டது.

ராஜாஜி 1972 டிசம்பர் 25-ல் மறைந்தார். 1974-ல் பிலூ மோடி தலைமையில் கட்சி, சரண் சிங்கின் பாரதிய லோக் தளத்தில் கலந்தது. மகாராஷ்டிரக் கிளை கலக்க மறுத்தது. 1991 ஜூலை 24-ல் 18 தொழில்களைத் தவிர மற்றவற்றுக்கு லைசென்ஸ் ஒழிக்கப்பட்டபோது, அதைச் செய்தது காங்கிரஸ் அரசு.

இன்று அதே கொள்கையோடு கட்சி பதிவு செய்யலாமா?

செய்யலாம், ஆனால் முதல் காகிதத்திலேயே ஒரு முள் இருக்கிறது. மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் 1951-ன் 29-ஏ(5) பிரிவு, 1989 முதல் நடைமுறையில் உள்ளது. அரசியல் சட்டத்துக்கும் சோஷலிசம், மதச்சார்பின்மை, ஜனநாயகம் ஆகிய கோட்பாடுகளுக்கும் கட்சி உண்மையான பற்றுக் கொண்டிருக்கும் என்று அதன் விதிகளில் எழுதியாக வேண்டும். நம்பாததை நம்புவதாகச் சத்தியம் செய்ய மாட்டோம் என்று, கலக்க மறுத்த அந்த மகாராஷ்டிரக் கிளையின் சார்பில் எஸ்.வி. ராஜு முதலானோர் 1996-ல் மும்பை உயர் நீதிமன்றத்துக்குப் போனார்கள். பிரிவு இன்றும் அப்படியே இருக்கிறது. பதிவு பெற்றபின் சோஷலிசத்தில் நம்பிக்கை இல்லை என்று ஒரு கட்சி தேர்தல் ஆணையத்துக்குத் தெரிவித்தால் பதிவை ரத்து செய்யலாம் என்று உச்ச நீதிமன்றம் 2002-ல் சொல்லியிருக்கிறது. 2024 நவம்பரில் அதே நீதிமன்றம், முகவுரையில் உள்ள சோஷலிசம் என்ற சொல்லுக்கு நலவாழ்வு அரசு என்பதே பொருள், அது தனியார் தொழிலைத் தடுக்காது என்று விளக்கியது. மனசாட்சி இடித்தால் அந்த விளக்கத்தைப் பிடித்துக்கொண்டு கையெழுத்துப் போடலாம். ஒரு ஜனநாயகத்தில் இப்படி ஒரு நிபந்தனையே இருக்கக் கூடாது என்பது எங்கள் உறுதியான கருத்து.

பதிவுக்கான படிகள் என்ன? எங்கே சிக்கல் வரும்?

கட்சி தொடங்கிய நாளிலிருந்து 30 நாளுக்குள் டெல்லி தேர்தல் ஆணையத்தில் மனு சேர வேண்டும். 31-வது நாள் போனால் வாங்க மாட்டார்கள். ஆகவே தொடக்கக் கூட்டத்தை நடத்துவதற்கு முன்பே காகிதங்களைத் தயாராக வைத்திருங்கள். கட்டணம் 10,000 ரூபாய், திரும்பக் கிடைக்காது. குறைந்தது 100 உறுப்பினர்கள் வேண்டும். எல்லோரும் வாக்காளர் பட்டியலில் இருக்க வேண்டும், வேறு பதிவு பெற்ற கட்சியில் இல்லை என்று ஒவ்வொருவரும் தனித்தனியாகப் பிரமாண வாக்குமூலம் தர வேண்டும். தலைவர் அல்லது செயலாளர் கையெழுத்திட்ட வாக்குமூலமும் உண்டு.

மும்பைத் தமிழர்களுக்குச் சிக்கல் பெரும்பாலும் இந்த நூறு பேரில்தான். ஊரில் ஓட்டு, இங்கே வீடு என்று பலர் இருக்கிறார்கள். ஆதாரில் தகப்பனார் பெயர் முன்னால், வாக்காளர் அட்டையில் பின்னால், வாக்குமூலத்தில் இனிஷியல் மட்டும் என்று மூன்று விதமாகப் பெயர் இருக்கும். வாக்காளர் பட்டியலில் உள்ள எழுத்தை அப்படியே பின்பற்றுங்கள். 120 பேரிடம் வாங்கி வைத்தால் சிலர் கழிந்தாலும் தப்பிக்கலாம்.

கட்சி விதிகளில் 29-ஏ(5) வாசகம் எழுத்து மாறாமல் தனி விதியாக இருக்க வேண்டும். உட்கட்சித் தேர்தல் 5 ஆண்டுக்குள் ஒருமுறை, பதிவு பெற்ற 5 ஆண்டுக்குள் தேர்தலில் போட்டி என்ற இரண்டும் தேவை. இரண்டாவதைச் சம்பிரதாயமாக நினைக்காதீர்கள். 2019 முதல் எந்தத் தேர்தலிலும் நிற்காத 334 கட்சிகளை ஆணையம் 2025 ஆகஸ்டில் பட்டியலிலிருந்து நீக்கியது. கட்சிப் பெயரை இரண்டு தேசிய, இரண்டு உள்ளூர் நாளிதழ்களில் விளம்பரம் செய்து ஆட்சேபம் கேட்க வேண்டும். விளம்பரச் செலவு பதிவுக் கட்டணத்தைத் தூக்கிச் சாப்பிட்டுவிடும். ஏற்கெனவே உள்ள கட்சியின் பெயரைப் போல இருந்தால் இந்தக் கட்டத்தில் மாட்டும். அதனால் 'சுதந்திரா' என்ற சொல்லைத் தொடுவதற்கு முன் யோசியுங்கள். விவசாயிகள் தலைவர் சரத் ஜோஷி 1994-ல் இதே மகாராஷ்டிரத்தில் சுதந்திர பாரத் பக்ஷ என்று ஒரு கட்சி தொடங்கினார்.

தேர்தலில் நின்றால் எவ்வளவு ஆகும்?

டெபாசிட் சட்டமன்றத்துக்கு 10,000 ரூபாய், மக்களவைக்கு 25,000. பட்டியல் சாதி, பழங்குடி வேட்பாளருக்குப் பாதி. ஆகவே தனித்தொகுதியான தாராவியில் 5,000. பதிவான செல்லத்தக்க வாக்கில் ஆறில் ஒரு பங்கு வாங்காவிட்டால் பணம் போய்விடும். அங்கீகாரம் இல்லாத கட்சி வேட்பாளருக்கு 10 முன்மொழிபவர்கள் வேண்டும். பத்துப் பேரும் அதே தொகுதி வாக்காளர்களாக இருக்க வேண்டும். சயான் கோலிவாடாவில் நிற்பவருக்குத் தெரு தாண்டி வடாலாத் தொகுதியில் ஓட்டு உள்ள ஒருவர் கையெழுத்திட்டால் மனு தள்ளுபடியாகும்.

எல்லா வேட்பாளர்களுக்கும் ஒரே சின்னம் வேண்டுமென்றால் மகாராஷ்டிரத்தின் 288 தொகுதிகளில் 5 சதவீதம், அதாவது 15-லாவது நிற்க வேண்டும். இரண்டு முறை சலுகை பெற்றபின் மறுபடி வேண்டுமென்றால் முன்பு வாங்கிய வாக்கையும் பார்ப்பார்கள். மும்பை நகரம், புறநகர் சேர்த்து 36 தொகுதிகள் உள்ளன என்பதால் இது எட்டக்கூடிய கணக்கு. மாநகராட்சித் தேர்தலுக்கு மட்டும் மாநிலத் தேர்தல் ஆணையத்தில் தனியாகப் பதிவு செய்ய வேண்டும். 227 வார்டுகள் உண்டு. வேலையை அங்கிருந்து தொடங்குவதே நல்லது. 2014-ம் ஆண்டுத் தெரு வியாபாரிகள் சட்டப்படி 5 ஆண்டுக்கு ஒருமுறை கணக்கெடுப்பு, வியாபாரக் குழுவில் 40 சதவீதம் வியாபாரிகளின் பிரதிநிதிகள் என்றெல்லாம் இருந்தும், இட்லி விற்பவர்களில் பெரும்பாலோர் இன்னும் லைசென்ஸ் இல்லாமல்தான் விற்கிறார்கள். அவர்களில் நூறு பேரை அந்தக் கணக்கெடுப்பில் சேர்க்க வைத்த கட்சிக்கு வார்டில் ஓட்டுக் கேட்க ஒரு காரணம் இருக்கும்.